மறதிக்காரியின் நோட்டும் என் நோட்டும்

ஒரு ஜப்பானிய நாவலை மொழிபெயர்ப்பின் துணையில்லாமல், அகராதியும் கையுமாக முழுதாகப் படித்துவிடுவது என்று இந்த வருடம் தொடங்கினேன். போன ஞாயிற்றுக்கிழமை முடிந்தது. இரண்டு பாகம், 17 வாரம், ஒன்றரை நோட்டு.

நாவல் ‘டங்கன்ரொன்பா ஸீரோ’. 2010 நவம்பரில் பிஎஸ்பி என்ற கையடக்க வீடியோ கேம் கருவிக்கு வந்த ‘டங்கன்ரொன்பா’ என்ற துப்பறியும் விளையாட்டின் முன்கதை. விளையாட்டின் கதையை எழுதிய கொடாக்கா கசுதாக்காவேதான் இதையும் எழுதினார். படங்களும் அதே கொமாட்சுசாக்கி ருய் வரைந்தவை. முதல் பாகம் 2011 செப்டம்பர், இரண்டாம் பாகம் அடுத்த மாதமே. இரண்டாவது விளையாட்டு 2012 ஜூலையில்தான் வந்தது என்பதால், இரண்டுக்கும் நடுவில் உட்கார்ந்திருக்கிற புத்தகம் இது. முன்கதைதானே என்று இதிலிருந்து ஆரம்பிக்க வேண்டாம். விளையாட்டு கடைசிவரை கட்டிக் காக்கிற ரகசியங்கள் இங்கே நடுக்கூடத்தில் சாவகாசமாக உட்கார்ந்திருக்கும்.

வாங்கியதே ஒரு கூத்து. பழைய புத்தகம் விற்கிற ஒருவரிடம் இரண்டு பாகமும் வேண்டும் என்று சொல்லிப் பணமும் கட்டினேன். வந்தது ஒன்று. அட்டையில் ‘கீழ்’ என்ற எழுத்து. ஜப்பானில் இரண்டு பாகமாக வரும் நாவலுக்குப் பெரும்பாலும் எண் போடாமல் ‘மேல்’, ‘கீழ்’ என்றுதான் போடுவார்கள். மேல் வந்து சேர்வதற்குள் ஒரு மாதம் ஓடிவிட்டது. அதுவரை கீழை அலமாரியில் சுவரைப் பார்க்கத் திருப்பி வைத்திருந்தேன். துப்பறியும் கதையில் கடைசிப் பக்கம் தற்செயலாகக் கண்ணில் பட்டால்கூடப் போச்சு.

என் ஜப்பானியம் என்3 தேறிய அளவு, அதாவது ஜப்பானிய மொழித் திறன் தேர்வின் ஐந்து நிலைகளில் நடு நிலை. முதல் நாள் மாலை இரண்டு மணி நேரத்தில் மூன்று பக்கம் நகர்ந்தது. தெரியாத சொற்கள் 58. மேலிருந்து கீழாக ஓடும் வரிகளில் கண் வழுக்கி ஒரே வரியை இரண்டு முறை படித்தேன். அப்புறம் ஒரு தபால் அட்டையை வரி ஓரமாக நகர்த்திக்கொண்டே படித்ததில் அந்தத் தொல்லை தீர்ந்தது.

கதை சொல்கிறவள் ஒட்டோநாஷி ரியோக்கோ. ‘ஒட்டோ’ என்றால் ஓசை, ‘நாஷி’ என்றால் இல்லை. ‘ஒட்டோநாஷீ’ என்று நீட்டினால் சாது என்று பொருள். பெயர்தான் அப்படி, பெண் வாயாடி. அவளுக்கு எதுவும் நினைவில் நிற்காது. மட்சுதா யாசுக்கே என்ற சிறுவயதுத் தோழனை மட்டும் மறக்கமாட்டாள். அவன் மூளை, நரம்பு ஆராய்ச்சியில் மேதை. அவளுக்கு வைத்தியம் பார்ப்பவனும் அவன்தான். மற்றதையெல்லாம் ‘ஒட்டோநாஷி ரியோக்கோவின் நினைவு நோட்டு’ என்று பெயரிட்ட நோட்டில் எழுதி வைத்துக்கொள்வாள். எதிரில் வருகிறவர் யார் என்பதற்கும் நோட்டைப் புரட்ட வேண்டும். இந்த நிலையில் அவளுடைய பள்ளியான கிபோகமினேயில் நடந்த, மூடி மறைக்கப்பட்ட ஒரு பயங்கரத்துக்குள் இழுக்கப்படுகிறாள்.

அவள் மேல் எனக்கு உடனே பாசம் வந்துவிட்டது. ஏனென்றால் மூன்றாம் வாரம் என் சொல் நோட்டைப் பின்னோக்கிப் புரட்டினேன். ‘கியோகு’ என்ற சொல்லை நான்கு இடத்தில், நான்கு முறையும் புதுச் சொல் போலவே எழுதி வைத்திருந்தேன். கியோகு என்றால் நினைவு.

அன்றோடு முறையை மாற்றினேன். அவள் நோட்டில் தனிச்சொல்லையா எழுதுகிறாள், நடந்ததையல்லவா எழுதுகிறாள்? நானும் தெரியாத சொல்லை முதல் முறை பார்த்தால் பென்சிலால் கோடு மட்டும் போட்டேன். மூன்றாவது முறை எதிர்ப்பட்டால்தான் நோட்டுக்கு மரியாதை, அதுவும் அது வந்த வாக்கியத்தோடு. ஒரு நாளைக்கு 50 சொல் என்பது எட்டு, பத்தாகக் குறைந்தது. பக்கம் மூன்றிலிருந்து ஏழானது.

இன்னொரு மாற்றம் இதைவிடப் பெரியது. அதுவரை ஆங்கில விளக்கம் வைத்துத்தான் இலக்கணம் படித்திருந்தேன். மறதிக்காரி கதை என்பதால் ‘வசுரெத்தே ஷிமத்தா’ என்ற தொடர் அடிக்கடி கண்ணில் பட்டது. ஆங்கிலப் புத்தகத்தில் ஷிமாவு என்ற துணைவினைக்கு அரைப் பக்க விளக்கம்: செயல் முற்றுப்பெறுவதையும் காட்டும், ஐயோ என்ற வருத்தத்தையும் காட்டும், இடம் பார்த்துப் புரிந்துகொள்க. ஒரு நாள் இரவு அதை வாய்விட்டுத் தமிழில் சொன்னேன்: மறந்துவிட்டேன். அவ்வளவுதான். ‘சாப்பிட்டுவிட்டேன்’ என்பதில் முடிவு, ‘உடைத்துவிட்டேன்’ என்பதில் வருத்தம். நம் ‘விடு’ இரண்டு வேலையையும் காலங்காலமாகச் செய்துகொண்டுதான் இருக்கிறது.

அதற்குப் பிறகு வரிசையாகக் கதவு திறந்தது. ‘கய்த்தே மிரு’ என்றால் எழுதிப் பார். மிரு என்பதற்கே பார் என்றுதான் பொருள். ‘கய்த்தே ஒக்கு’ என்றால் எழுதி வை. ஒக்கு என்றால் வை. ‘கய்த்தே இரு’ என்றால் எழுதிக்கொண்டிரு. அந்த ‘இரு’ ஒலியிலும் நம் இருவேதான். ரியோக்கோ நோட்டில் செய்வது எல்லாம் ‘கய்த்தே ஒக்கு’. இரண்டு மொழியும் உறவு என்றே ஓனோ சுசுமு என்ற ஜப்பானிய மொழியறிஞர் எழுதினார். பெரும்பாலான மொழியியலாளர்கள் அதை ஏற்கவில்லை. உறவோ இல்லையோ, எனக்குக் காரியம் நடந்தது. அன்றிலிருந்து ஆங்கில விளக்கத்தை மூடி வைத்தேன்.

இப்படிக் கை கொடுத்த தமிழே ஒன்பதாம் வாரம் காலையும் வாரியது. பயிற்சிக்காக ஒரு பக்கத்தைத் தமிழில் எழுதிப் பார்க்கலாம் என்று உட்கார்ந்தேன். ஜப்பானியத்தில் ‘கொரோஷித்தா’ என்றால் கொன்றது நானா, நீயா, அவனா, அவளா, ஒருவரா, கும்பலா, எதுவுமே தெரியாது. எழுவாயை விட்டுவிட்டாலும் வாக்கியம் நிற்கும். தமிழில் வினைமுற்று வாயைத் திறந்தாலே ஆளைக் காட்டிக்கொடுத்துவிடும்: கொன்றேன், கொன்றான், கொன்றாள். ‘கொலை நடந்தது’ என்று ஒரு வரியில் தப்பலாம். பத்து வரி அப்படியே எழுதினால் போலீஸ் அறிக்கை மாதிரி ஆகிவிடும். மர்மக் கதை எழுத ஜப்பானிய இலக்கணம் பாதி வேலையைச் செய்துகொடுக்கிறது என்று பொறாமையாக இருந்தது. அங்கே மாட்டிக்கொடுப்பவை வேறு. ‘ஓரே’ என்று தன்னைச் சொன்னால் முரட்டு ஆண் குரல், ‘போகு’ என்றால் சற்று மென்மையான பையன் என்று தன்மைப் பெயரிலேயே ஆள் அடையாளம் ஒட்டிக்கொண்டு வரும். நான் தமிழில் எழுதியது ஒன்றேகால் பக்கம். அதோடு கைவிட்டேன்.

நம்பிக்கைக்கு ‘கிபோ’, விரக்திக்கு ‘செட்சுபோ’. இரண்டிலும் ‘போ’ ஒரே எழுத்து; எட்டி நோக்குவது, விரும்புவது என்று பொருள். செட்சு என்பது அறுபடுவது. இந்தத் தொடர் முழுக்க இரண்டு சொல்லும் முட்டிக்கொள்வதை ஆங்கிலத்தில் விளையாடியபோது வெறும் வசனமாகத்தான் கேட்டேன். தாளில் அந்த எழுத்து இரண்டு பக்கமும் நிற்பதைப் பார்த்த பிறகுதான் சண்டை ஒரே வீட்டுக்குள் என்று உறைத்தது.

முதல் பாகம் 11 வாரம், இரண்டாம் பாகம் ஆறு. வேகத்துக்குப் பாதிக் காரணம் பயிற்சி, மீதிக் காரணம் பதற்றம். விளையாட்டில் வரும் துப்பறிவாளினி கிரிகிரி கியோக்கோ இங்கேயும் வந்து துருவ ஆரம்பித்ததும் அகராதியைத் தூக்கிப் போட்டுவிட்டு ஓடினேன். குறை இல்லாமல் இல்லை. நடுவில் பள்ளி நிர்வாகிகள் பேசிக்கொள்ளும் பகுதிகள் இழுவை. ரியோக்கோவின் காதல் புலம்பலும் சில இடங்களில் ஒரு பக்கம் அதிகம். ஆனால் கடைசி 40 பக்கத்தை விடியற்காலை இரண்டு மணி வரை படித்துவிட்டு, தூக்கம் வராமல் மேல் பாகத்தை எடுத்து மறுபடி முதல் பக்கத்தைத் திறந்தேன். ஆறு நிமிடத்தில் மூன்று பக்கம். முதல் முறை அவளுடைய வெகுளித்தனம் என்று சிரித்துவிட்டுப் போன வரிகள் இப்போது சிரிப்பாக இல்லை. ஏன் என்று சொல்லமாட்டேன்.

முதல் நாள் எழுதிய 58 சொற்களில் 11 இன்னும் தெரியவில்லை. அடுத்தது, கிரிகிரியின் இளம் வயதைச் சொல்லும் கிட்டயாமா தாக்கேகுனியின் ஏழு பாக வரிசை. முதல் பாகம் நேற்று வந்தது. இதில் மேல், கீழ் இல்லை, எண்தான். அட்டையில் 1 என்று இருக்கிறதா என்று இரண்டு முறை பார்த்துவிட்டுத்தான் பிரித்தேன்.