பட்டா மாறுதல்: ஒரு கார்ட்டூன்காரனின் நாட்குறிப்பு

ஜூன் 28, சனி

1976இல் வந்த ஆஸ்டரிக்ஸ் கார்ட்டூன் படத்தில் அந்த அலுவலகக் காட்சியை மறுபடி போட்டுப் பார்த்தேன். ஏ-38 என்ற அனுமதிச் சீட்டுக்காக மாடி ஏறி இறங்கி அலுத்துப்போன ஆஸ்டரிக்ஸ், புதுச் சுற்றறிக்கை பி-65இன்படி ஏ-39 கொடுங்கள் என்று இல்லாத ஒன்றைக் கேட்பான், அதைத் தேடி அலுவலகமே கிறுக்குப் பிடித்து ஓடும். சிரித்து முடித்ததும் பொறாமையாக இருந்தது. நானும் பட்டா மாறுதல் பற்றி ஒரு நிமிஷக் கார்ட்டூன் வரைந்துகொண்டுதான் இருக்கிறேன், சிரிப்புதான் வரமாட்டேன் என்கிறது.

ஜூன் 30, திங்கள்

கொக்கிரகுளம் கலெக்டர் ஆபீஸில் மனு கொடுக்கிற கூட்டம். வெளியே மனு எழுதிக் கொடுக்கும் அண்ணாச்சியிடம் போனில் ஸ்கெட்ச்சைக் காட்டினேன். மேஜையைத் தட்டி உறுமும் கிளார்க், மீசை, தொப்பை எல்லாம் வைத்திருந்தேன். "ஏல, எந்தக் காலத்துல இருக்க? இப்பம் யாரும் ஏச மாட்டாவ. 'உக்காருங்கம்மா, வருவாய் ஆய்வாளர் (ஆர்.ஐ.) அறிக்கை வரணும், வந்ததும் போட்டுரலாம்'னு சிரிச்ச முகமா அனுப்பிருவாவ" என்றார். அதுதான் சரி. வில்லனை வரைந்தால் பார்க்கிறவனுக்குக் கோபம்தான் வரும். மீசையை எடுத்துவிட்டேன்.

ஜூலை 1

இன்றைக்குப் புதுப் பசலி ஆண்டு பிறந்திருக்கிறது, 1435. அக்பர் காலத்துக் கணக்கு, வருவாய்த்துறையில் இன்னும் நடப்பில் இருக்கிறது. நானாகக் கற்பனை செய்திருந்தால் ரொம்ப ஓவர் என்பார்கள். கார்ட்டூன் ஆபீஸ் சுவர்க் காலண்டரில் அதையே போட்டுவிட்டேன்.

ஜூலை 5, சனி

விநாடிக்கு 24 ஃபிரேம். ஒரு படத்தை இரண்டு ஃபிரேமுக்கு நிறுத்தினாலும் நிமிஷத்துக்கு 720 படம், கை ஒடிந்துவிடும். நல்லவேளை, ஆபீஸில் யாரும் அசைய வேண்டாம். 2016இல் வந்த ஜூடோபியா கார்ட்டூன் படத்தில், ஆமைபோல் மெல்ல அசையும் ஸ்லாத் என்ற மரவிலங்குகளைக் கவுண்டரில் உட்கார வைத்தார்களே, அசைவைத் தள்ளிப்போடுவதே அங்கே ஜோக். என் கிளார்க்குக்குக் கண் சிமிட்டல் மட்டும், ஃபேனுக்கு நாலு படம், அதையே திரும்பத் திரும்ப ஓட்டலாம். மீதி உழைப்பெல்லாம் பேப்பர்வெயிட்டுக்கு அடியில் மாட்டிக்கொண்ட மனுவுக்கு: மூலை எழும்பும், படபடக்கும், பச்சை டேக் நூலும் கூடவே துடிக்கும், கரண்ட் போனதும் பொத்தென்று படுத்துவிடும்.

ஜூலை 7

ஆனித் திருவிழாக் கூட்டம். ஒரு கோடுகூட வரையவில்லை.

ஜூலை 9

முடிவு கிடைத்துவிட்டது! கார்ட்டூனில் மனு கொடுத்த பாட்டிக்குப் பட்டா வந்துவிடுகிறது, ஆபீஸே வாழ்த்துகிறது, ஆனால் அவள் பெயர் பேச்சியம்மாள் என்பது பேச்சிமுத்து என்று விழுந்திருக்கிறது. பெயர் திருத்தத்துக்கு மனு. அப்புறம் முதல் ஃபிரேமோடு ஒட்டிவிட்டால் படம் சுற்றிக்கொண்டே இருக்கும், எனக்கும் வரைகிற வேலை மிச்சம். அண்ணாச்சிக்கு அனுப்பினேன். வாய்ஸ் மெசேஜ் வந்தது: "இதுல சிரிக்க என்னல இருக்கு? பேர் திருத்தம் எழுதித்தான எனக்குப் பாதி வரும்படி."