ஐந்து முறை திரும்பினால்தான் வீடு

நான் எழுதிவரும் மாயக் கதையில் வளைநல்லூர் என்று ஒரு நகரம் உண்டு. முதல் வரைவில் அதை மூன்று பக்கத்துக்கு வர்ணித்திருந்தேன். 'அறிவுக்கு எட்டாத கோணங்கள்', 'கண்ணைக் கிறங்கடிக்கும் மாடங்கள்' என்றெல்லாம் அதில் இருந்தன. கட்டட வரைபடம் போடும் நண்பரிடம் படிக்கக் கொடுத்தேன். அவர் ஒன்றே ஒன்றுதான் கேட்டார்: "இந்த ஊரில் ஒருவனுக்குத் தாகம் எடுத்தால் கிணற்றுக்கு எப்படிப் போவான்?"

எனக்குத் தெரியவில்லை. மூன்று பக்கத்தையும் கிழித்துப் போட்டேன். அதன் பிறகு ஊரைக் கட்டி முடிக்க ஏழு மாதம் ஆயிற்று.

எல்லோரையும் போல நானும் முதலில் போய் நின்றது அந்த முடிவில்லாப் படிக்கட்டில்தான். சுவீடன் ஓவியர் ஆஸ்கர் ராய்ட்டர்ஸ்வார்ட் 1934-ல் நிஜத்தில் கட்டவே முடியாத முக்கோணம் ஒன்றை வரைந்தார். லயனல் பென்ரோஸ், ரோஜர் பென்ரோஸ் என்ற தந்தையும் மகனும் 1958-ல் எழுதிய கட்டுரையில், ஏறிக்கொண்டே போய்ப் புறப்பட்ட படிக்கே வந்து சேரும் படிக்கட்டு வருகிறது. டச்சு ஓவியர் எஷர் 1960-ல் அதை ஒரு மாளிகையின் உச்சியில் வைத்துக் கல்லச்சுப் படமாக்கினார். நானும் அட்டையை வெட்டி ஒட்டிப் பார்த்தேன். ஒரு கண்ணை மூடிக்கொண்டு ஒரே இடத்தில் நின்று பார்த்தால் படிகள் கூடுகின்றன. தலையை ஒரு விரல்கடை நகர்த்தினால் நடுவில் இருக்கும் பிளவு பல்லை இளிக்கிறது. பார்ப்பவரின் கண்ணை நம்பிச் செய்யும் வித்தை அது. என் நாயகியோ அந்தப் படிகளில் நடக்க வேண்டியவள்.

மாய உலகம்தானே, படி நிஜமாகவே சுற்றி வரட்டும் என்று விட்டுப் பார்த்தேன். அது வேறு வினையாயிற்று. இறங்கிக்கொண்டே இருக்கும் வட்டப் படியில் ஒரு பூசணிக்காயை உருட்டிவிட்டால் அது நிற்கவே நிற்காது. படிக்குப் பதில் வாய்க்கால் வெட்டினால் ஆறே இல்லாமல் ஆலைச் சக்கரம் சுற்றும். எண்ணெய் ஆட்டலாம், மாவு அரைக்கலாம், மரம் அறுக்கலாம், எல்லாம் இலவசம். என் கதையோ நான்காம் அத்தியாயத்தில் வரும் பஞ்சத்தின் மேல் நிற்கிறது. இப்படி ஒரு படிக்கட்டை வைத்துக்கொண்டு எவன் பட்டினி கிடப்பான்? படிக்கட்டு போயிற்று.

ஒரு கதவைத் திறந்தால் சம்பந்தமில்லாத வேறோர் அறைக்குப் போய்ச் சேரும் யோசனை இரண்டு வாரம்கூடத் தாங்கவில்லை. எந்தக் கதவு எங்கே திறக்கும் என்று நானே அட்டவணையைப் புரட்டினேன். பெரிய அலுவலகத்தில் அறை எண் தேடி அலையும் சலிப்புதான் மிஞ்சியது.

விடை, கொக்கி ஊசியால் நூல் பின்னும் அம்மாவின் குரோஷாப் பையில் இருந்தது. லாட்வியாவில் பிறந்த கணிதவியலாளர் டைனா டைமினா, அதிபரவளையத் தளம் என்ற, விலக விலகத் தட்டைத் தளத்தைவிட அதிகமாக இடம் விரியும் வளைந்த வெளியை 1997-ல் குரோஷாவில் பின்னிக் காட்டியவர். விதி எளிது: இத்தனை கண்ணிக்கு ஒன்று கூடுதல், அவ்வளவுதான். 20 கண்ணியில் தொடங்கி, 5-க்கு ஒன்று கூட்டிக்கொண்டு போனேன். பத்து வரிசையில் நூற்றைத் தாண்டியது. இருபதாவது வரிசையில் எழுநூறை ஒட்டிவிட்டது, அந்த ஒரு வரிசைக்கே ஒரு மாலைப்பொழுது போயிற்று. துண்டு தட்டையாகக் கிடக்க மறுத்து மடிப்பு மடிப்பாகப் பொங்கியது. அம்மா பார்த்துவிட்டு, கோழிக்கொண்டைப் பூவா பின்னுகிறாய் என்றார். இடம் அதிகமாகிப் போன வெளிக்கு அதைவிடப் பொருத்தமான உவமை எனக்குக் கிடைக்கவில்லை.

இந்த வெளியை முதலில் கண்டவர்களில் ஒருவரான ஹங்கேரியக் கணிதவியலாளர் யானோஷ் போயாய், ஒன்றுமில்லாததிலிருந்து புதிய உலகம் ஒன்றைப் படைத்துவிட்டதாக 1823-ல் தன் தந்தைக்கு எழுதினார். அப்போது அவருக்கு வயது இருபது. கதை எழுதுகிறவனுக்குப் பொறாமை வராமல் என்ன செய்யும்?

அந்தத் துண்டில் நேர்கோடு வேண்டுமென்றால் மடித்தால் போதும், மடிப்புதான் நேர்கோடு. அந்த மடிப்பு தன் மேலேயே படியும்படி குறுக்கே இன்னொரு முறை மடித்தால் செங்கோணம். இப்படி மடித்து மடித்துச் சிவப்பு நூல் ஓட்டினேன். பக்கம் ஏறக்குறைய 3 செ.மீ. நான்கு பக்கத்தில் மூடியிருக்க வேண்டிய கட்டம் மூடவில்லை. ஐந்தாவது பக்கம் ஓட்டியதும் மூடிக்கொண்டது. ஐந்து மூலையும் செங்கோணம். மூலைமட்டத்தை வைத்துவைத்துப் பார்த்தேன், நம்பிக்கை வரவில்லை.

வளைநல்லூர் அன்று இரவே எழும்பிவிட்டது. அங்கே 500 தப்படி நடந்து இடது பக்கம் செங்கோணமாகத் திரும்ப வேண்டும், மறுபடி 500, மறுபடி இடது. நம் ஊராக இருந்தால் நான்காவது தெருவின் முடிவில் வாசல் வந்திருக்கும். அங்கே ஐந்தாவது தெருவையும் நடந்தால்தான் வீடு. தாகம் எடுத்தவனுக்கு வழி சொல்ல முடிகிறது, கேட்பவர்தான் திகைக்கிறார்.

பதினோராம் அத்தியாயத்தில் ஒரு பிழை செய்தேன். பத்துத் தப்படி முற்றத்தில் பிள்ளைகள் அதே ஐந்து மூலைக் கட்டம் போட்டு விளையாடுவதாக எழுதிவிட்டேன். நடக்காது. இந்த வெளியில் ஒரு வடிவத்தைக் கோணம் மாறாமல் சுருக்கவோ பெருக்கவோ முடியாது. பக்கங்கள் சமமான செங்கோண ஐங்கோணம் ஓர் ஊருக்கு ஒரே அளவில்தான் இருக்கும். முற்றம் போன்ற சின்ன இடம் ஏறத்தாழத் தட்டைதான், தச்சரின் மூலைமட்டம் அங்கே பொய் சொல்லாது. ஆகவே வளைநல்லூர்ப் பிள்ளைகளுக்குத் தங்கள் ஊர் வளைந்தது என்பதே தெரியாது, முதன்முறை தனியாகக் கடைக்குப் போகும் நாள் வரை. பிழையைத் திருத்தியபோது கிடைத்த இந்தக் காட்சிதான் இப்போது கதையின் முதல் பக்கம்.

வரைபடத்துக்கும் அதே சிக்கல் வந்தது. காகிதத்தில் அந்த ஊரைச் சுருக்கி வரைந்தால் தெருவின் நீளமோ கோணமோ ஏதாவது ஒன்று பொய்யாகிவிடும். ஆகவே அங்கே வரைபடக் கடைகளில் கம்பளித் துணிதான் விற்கிறார்கள். காவலன் வழி கேட்டால் நாயகி மடியிலிருந்து ஒரு கோழிக்கொண்டையை எடுத்து, மடிப்புக்குள் விரலை விட்டுத் தெருவைத் தேடுகிறாள்.

நான் பின்னிய துண்டு மேசை மேல்தான் கிடக்கிறது. மூன்றாவது தெருவின் சிவப்பு நூல் பிரிந்து வருகிறது. கதையிலும் அந்தத் தெருவை இப்போதைக்கு மூடி வைத்திருக்கிறேன்.