பாய்

பள்ளிக்கூடத்தில் எங்களுக்குப் படிப்பித்த சேர் போய்விட்டார் என்று வைகாசியில் வட்ஸ்அப் குழுவில் செய்தி வந்தது. எல்லோரும் கைகூப்பிய படம் போட்டார்கள், நானும் போட்டேன். "சேரைப் பற்றி நீர்தான் எழுதவேணும்" என்று நினைவு மலர்க்குழுவினர் கேட்டது 'பாய்' என்ற என் பட்டப்பெயரை நினைத்துத்தான்.

கதை உங்களுக்குத் தெரியும். தமிழ்த்தினப் போட்டி நாடகம், ஏழைக் கமக்காரனின் குடிசை, காட்சியமைப்பு என் பொறுப்பு. பெரியகடையில் பாய் வாங்கி வந்து விரித்தேன். ஒத்திகையன்று சேர் மேடையில் ஏறி, குனிந்து, பாயை மணந்து பார்த்தார்.

"இதிலே ஆர் படுத்தது?"

"ஒருத்தரும் படுக்கேல்லை சேர். புதுசு."

"அப்ப இந்த மனுசன் இவ்வளவு நாளும் எங்க படுத்தவன்?"

மண்டபமே சிரித்தது. பாயைச் சுருட்டிக் கக்கத்தில் வைத்துக்கொண்டு வீட்டுக்கு நடந்தேன். மூன்று கிழமை அதில் படுக்கச் சொல்லி உத்தரவு. விடிய எழும்பினால் முதுகிலே சிவப்புச் சாயம்.

கொழும்பில் தான் பார்த்த யப்பான் படத்தைப் பற்றி அவர் சொல்லாத வகுப்பில்லை. மூடுபனிக்குள் நிற்கும் கறுப்புக் கோட்டையைக் கரும்பலகையில் வெண்கட்டியைப் படுக்கப் போட்டுத் தேய்த்துக் காட்டுவார். "இயக்கினவன் குரோசாவா. கோட்டை கட்டினவன்ர பெயரைச் சொல்லுங்கோ பாப்பம்?" ஒருவரும் வாய் திறக்க மாட்டோம். "எனக்கும் தெரியாது. பெயர் போட்டவங்கள்தான், யப்பான் எழுத்திலே."

யோஷிரோ முராகி. 2009 ஒக்டோபரில், 85 வயதில் அவர் இறந்த செய்தியில்தான் அந்தப் பெயரை முதலில் கண்டேன். 1948இல் உதவியாளராகக் குரோசாவாவின் படத்தில் வேலை செய்தவர், 1993இல் வந்த அவருடைய கடைசிப் படம் வரை கூட நின்றிருக்கிறார். ஒஸ்காருக்குப் பலமுறை பெயர் போனது, ஒருமுறையும் கிடைக்கவில்லை. சேர் கீறிய கோட்டை ஃபூஜி மலைச் சரிவில் கட்டினது. பனிமூட்டத்துக்காகவும் கறுப்பு எரிமலை மண்ணுக்காகவும் அந்த இடம். முற்றத்தை மட்டும் தோக்கியோ ஸ்ரூடியோவில் போட்டபோது, நிலத்தின் நிறம் மாறக்கூடாதென்று அந்த மண்ணையே அள்ளிக்கொண்டு போனார்களாம்.

அப்புறம் இருவரும் சேர்ந்து செய்த 'ரெட் பியர்ட்'. 1965இல் வந்த, ஏழைகளின் வைத்தியசாலைக் கதை. பழைய பண்ணை வீடுகளின் மரம், நூறு வருடத்து ஓடு. நோயாளிகளின் படுக்கைகளில், படப்பிடிப்புக்கு முன் ஆறு மாதம் வரை உண்மையாகவே ஆட்களைப் படுக்க வைத்திருக்கிறார்கள். வாசித்தபோது இரவு இரண்டு மணி. தனியே இருந்து சிரித்தேன். மூன்று கிழமை என்பது சேர் எனக்குக் காட்டிய இரக்கம்.

அவருடைய தொலைபேசி இலக்கம் என்னிடம் இருந்தது. பெயரைச் சொல்லலாம் என்று இரண்டு தரம் எடுத்து, மணி அடிக்க முதல் வைத்துவிட்டேன். நுண்கலை படிக்க விண்ணப்பப் படிவம் எடுத்துத் தந்தவர் அவர். நிரப்பாமலே விமானம் ஏறினவன் நான். முராகி என்று சொன்னால், "சரி, நீ இப்ப என்ன செய்யிறாய்?" என்று கேட்பார்.

ஸ்காபரோவில் மெத்தைக் கடை, சேர். பொலித்தீன் உறை கழற்றாதது. ஒருத்தரும் படுக்கேல்லை.