அண்ணாவியார் வளத்த பிள்ளைகள்

ரொறொன்ரோவில ஒரு டொக்யுமென்டரி குழுவில வேலை கேட்டுப் போன இடத்தில, கமரா பிடிப்பன், சவுண்ட் எடுப்பன், எடிட்டிங்கும் சப்டைட்டிலும் நான்தான் எண்டு சொல்ல, "இதுல எது உங்கட வேலை?" எண்டு கேட்டாங்க. கெட்ட எண்ணத்தில கேக்கல்ல, ஆனா ஸ்காபரோ பஸ்ஸில வீடு வந்து சேருமட்டும் நெஞ்சுக்குள்ள குத்திக்கொண்டே இருந்த.

மட்டக்களப்பில ஆரும் அப்பிடிக் கேட்டதில்ல. நாம கூத்துப் பழக்கிற அண்ணாவியாரப் பாத்து வளந்த ஆக்கள். ஆட்டக்காரருக்கு அவரவர் பங்கு எழுதின சட்டங்கொடுத்து, ஆட்டமும் பாட்டும் பழக்கி, சதங்கை கட்டி, ஒத்திகையாக் கிழமைக்கூத்து ஆட வெச்சு, அரங்கேத்தத்தண்டு விடியவிடிய மத்தளத்தோட கூத்து மேடையான களரியில நிக்கிறதும் அவர்தானே. வடமோடி எண்டுற பாணிக் கூத்தப் படம் எடுக்கப் போய்த்தான் நானும் தொழில் படிச்ச. வட்டக்களரி, சுத்திவர சனம், கமராவ எங்க வெச்சாலும் ஆட்டக்காரர்ர முதுகுதான் தெரியும், மத்தளத்தக் கேட்டு அடுத்த அடி எந்தப் பக்கம் திரும்புமெண்டு தெரிஞ்சாத்தான் முன்னுக்குப் போய் நிக்கலாம், எடிட் பண்ணக்குள்ளயும் தாளம் தெரியாதவன் வெட்டினா ஆட்டம் நொண்டும். காசில்லாமத்தான் எல்லாத்தையும் ஒராளே செய்யிற எண்டு சொல்லுவாங்க. காசில்லாததும் உண்மைதான். ஆனா காதையும் கண்ணையும் வேற வேற ஆளிட்டக் குடுத்து கூத்தப் படம் எடுக்கேலாது, அத நான் எங்கயும் சொல்லுவன்.

கனடாவ நான் மதிக்காம இல்ல. 1939லயே டொக்யுமென்டரிக்கெண்டு நேஷனல் ஃபிலிம் போர்ட் எண்ட அரச நிறுவனத்தத் தொடங்கின நாடு. 1993ல தொடங்கின ஹொட் டொக்ஸ் டொக்யுமென்டரி விழாவில படம் பாக்க சனம் வரிசையில நிக்கிறதக் கண்டு கண் கலங்கியிருக்கு.

இப்ப எல்லாம் பழகிட்டு. குளிருக்க பற்றரி கெதியா இறங்கும், சட்டைக்குள்ள வெச்சுக்கொள்ளுவன். வீட்டுக்குள்ள வர முதல் கமராவ பேக்குக்குள்ள போட்டு இறுக்கி மூடிருவன், இல்லாட்டி லென்ஸ் வேர்த்திரும். பழகிட்டு எண்டுதான் சொல்லுற, மறுகா ஹெட்போனப் போட்டு ஹீட்டர் இரையிற சத்தத்தக் குறைக்கக்குள்ள மனம் மட்டக்களப்பு வாவியில இருக்கிற கல்லடிப் பாலத்தடிக்குப் போயிரும். முழு நிலவு எறிக்கிற பறுவ இரவில தோணியில போய், துடுப்பத் தண்ணிக்குள்ள விட்டு மற்ற நுனியில காத வெச்சா மீன் பாடுறது கேக்குமெண்டு பெரியப்பா காட்டித்தந்தவர். சவுண்ட் எடுக்க எனக்கு முதல்ல படிப்பிச்ச ஆள் அவர்தான்.

அம்மா போன்ல, "மறுகா, வேலை சரிவந்திட்டா மகன்?" எண்டு கேட்டா. இல்லம்மா, ஊர்ல கூத்தாடின ஒரு பெரியவர இங்க கண்டுபிடிச்சிருக்கன், அவரப் படம் எடுக்கத் தொடங்கிட்டன் எண்டன். அம்மாவுக்குப் பெரிய சந்தோசம்.

பெரியவர் இப்ப மத்தளம் இல்லாம ஆடமாட்டன் எண்டு நிக்கிறார், ரெக்கோர்டிங்கப் போட்டும் காட்டின, வேணாமெண்டு தலையாட்டிட்டார். ஸ்காபரோப் பக்கம் ஆரிட்டயும் மத்தளம் இருந்தா சொல்லுங்க, நானே வந்து எடுக்கிறன்.