முகம் ஒருவருடையது, குரல் இன்னொருவருடையது

எங்கள் பாடசாலை நினைவு மலரின் குழுவினர் நாடக மன்ற நாட்களைப் பற்றி எழுதச் சொன்னார்கள். எங்களுடையது ஆண்கள் பாடசாலை. அரசி வேடத்துக்கு எடுப்பான முகமுள்ள ஒருவன் எப்படியும் கிடைத்துவிடுவான். ஆனால் வாயைத் திறந்தால் கட்டைக்குரல். அதனால் கீழ்வகுப்புப் பொடியன் ஒருவனைப் பக்கத்திரைக்குப் பின்னால் நிறுத்தி வசனம் பேச வைப்பார் நாடக மாஸ்டர். அந்த மறைவுக் குரல் பல வருடமாக நான்தான். கைதட்டல் எல்லாம் அரசிக்கே போகும்.

லிவர்பூலுக்கு வந்து, இரவு வேலை முடிந்து வீடியோவில் பழைய படங்கள் பார்க்கத் தொடங்கியபோதுதான், இதை இத்தாலியில் ஒரு தொழிலாகவே நடத்தியிருக்கிறார்கள் என்று தெரிந்தது. அந்தக் காலத்தில் அங்கே பெரும்பாலும் படப்பிடிப்பில் ஒலி பதிவதில்லை. நடிகர்கள் தத்தம் மொழியில் பேசி நடிப்பார்கள். பிறகு யாரோ ஒலிக்கூடத்தில் குரல் கொடுப்பார்கள். அப்படி முகத்தாலேயே புகழ்பெற்றவர் நடிகை பார்பரா ஸ்டீல். எங்கள் ஊருக்கு எதிரே, மெர்சி ஆற்றின் அக்கரையில் பேர்க்கன்ஹெட்டில் 1937இல் பிறந்தவர். ஓவியம் படித்தவர். ராங்க் என்ற பிரிட்டிஷ் படநிறுவனம் அவரை ஒப்பந்தம் செய்து, பின்னர் ஹாலிவுட்டின் ஃபாக்ஸ் நிறுவனத்துக்குக் கைமாற்றிவிட்டது. அங்கே ஒன்றும் சரிவரவில்லை. எல்விஸ் பிரஸ்லி படமொன்றில் இருந்தும் பாதியில் விலகிவிட்டார்.

அவரைத் தூக்கிவிட்டது இத்தாலியரான மாரியோ பாவா 1960இல் இயக்கிய ‘லா மாஸ்கெரா டெல் டெமோனியோ’ (பேயின் முகமூடி) என்ற பேய்ப்படம். பாவா அடிப்படையில் ஒளிப்பதிவாளர். பெரிய கண்களும் உயர்ந்த கன்ன எலும்பும் கொண்ட அந்த முகத்தில் கறுப்பு வெள்ளையில் என்னவெல்லாம் செய்யலாம் என்று அவருக்குத் தெரிந்திருந்தது. சூனியக்காரி ஆசா, அவள் வம்சத்தில் வந்த காட்யா என்று ஸ்டீலுக்கு இரட்டை வேடம். ஒரே முகம் ஒரு காட்சியில் பாவமாகவும் அடுத்ததில் குலைநடுங்கவும் வைக்கும். இங்கிலாந்துத் தணிக்கை இந்தப் படத்தை 1968 வரை வெளிவர விடவில்லை.

அதன்பிறகு சவப்பெட்டிகளும் பாழடைந்த மாளிகைகளும்தான். ரிக்கார்டோ ஃப்ரெடாவுடன் இரண்டு படங்கள், அந்தோனியோ மார்கெரித்தியின் ‘டான்ஸா மகாப்ரா’, கமிலோ மாஸ்ட்ரோசின்க்வேயின் ‘ஆன் ஏஞ்சல் ஃபார் சேட்டன்’ என்று 1966 வரை வரிசையாக வந்தன. இயக்குநர்களும் ராபர்ட் ஹாம்ப்டன், ஆந்தனி டாசன் என்று ஆங்கிலப் பெயர் பூண்டார்கள். இத்தாலியப் பேய் விலைபோகாது என்ற பயம்! பல படங்களில் கதை நொண்டும். ஸ்டீல் வந்து நின்றால் மட்டும் கண்ணை எடுக்க முடியாது.

குரல் பிடுங்கப்பட்டது இத்தாலியில் மட்டுமல்ல. 1961இல் அமெரிக்காவில் ரோஜர் கோர்மனின் ‘த பிட் அண்ட் த பெண்டுலம்’ படத்தில் ஆங்கிலேயப் பெண்ணான அவருக்கே ஆங்கிலத்தில் இன்னொருவர் பேசினார். அவருடைய உச்சரிப்பு மற்றவர்களோடு ஒட்டவில்லையாம். மெர்சிக் கரைக்காரர்கள் இதைக் கேட்டால் கொதிப்பார்கள்.

இத்தாலிய இயக்குநர் ஃபெல்லினியின் ‘எட்டரை’யிலும் ஜெர்மன் இயக்குநர் ஷ்லோண்டார்ஃபின் ‘யங் டோர்லெஸ்’ படத்திலும் நடித்தவரைப் பேய்ப்பட நடிகை என்றே முத்திரை குத்திவிட்டார்கள். சவப்பெட்டிக்குள் இருந்து எழும்பி எழும்பி அவருக்கே அலுத்துப்போயிற்று. பிறகு அமெரிக்காவில் ஜொனதன் டெமி, கனடாவில் டேவிட் க்ரோனன்பெர்க் போன்ற இளைய இயக்குநர்கள் தேடிப்பிடித்து வேடம் கொடுத்தார்கள். எனக்கு வியப்பு என்னவென்றால், 1989இல் அவருக்கு எம்மி என்ற அமெரிக்கத் தொலைக்காட்சி விருது கிடைத்தது நடிப்புக்காக அல்ல. இரண்டாம் உலகப்போர் பற்றிய ‘வார் அண்ட் ரிமெம்பரன்ஸ்’ தொலைக்காட்சித் தொடரின் தயாரிப்பாளர்களில் ஒருவராக!

எங்கள் வகுப்புக்காரர் யாராவது பார்ப்பதானால் பாவாவின் படத்திலிருந்தே தொடங்குங்கள். ஆணி பதித்த முகமூடியை முகத்தில் அறையும் காட்சி தொடக்கத்திலேயே வந்துவிடும். சோற்றுக் கோப்பையோடு போய் உட்கார வேண்டாம்.