பாதையை விட்டு விலகினால்தான் ஆட்டம்

2009-இல் வந்த ‘தி பாத்’ கேமை மறக்கவே முடியவில்லை. பாட்டியைப் பார்க்கக் காட்டு வழியே போகும் சிறுமியை ஓநாய் மடக்குமே, அந்தச் சிவப்பு அங்கிச் சிறுமி கதைதான், ஆனால் இங்கே அக்கா தங்கைகள் ஆறு பேர், ஆளுக்கொரு ஓநாய். பாட்டி வீட்டுக்குப் போ, பாதையை விட்டு விலகாதே என்பார்கள். சொன்ன பேச்சைக் கேட்டு நேராகப் போனால் ‘தோல்வி’ என்று வரும்!

சரி என்று ஒருத்தியைக் காட்டுக்குள் இறக்கினால் ஓநாய் வரும், திரை இருளும். அப்புறம் பாட்டி வீட்டுக்கு முன்னால், மழையில் அவள் விழுந்து கிடப்பாள். எழுந்து தள்ளாடி நடப்பாள். ஓட வைக்க முடியாது. என்ன நடந்தது என்று காட்டவே மாட்டார்கள். அவளை அங்கே அனுப்பியது நம் விரல் என்பது மட்டும் நமக்குத் தெரியும். திடீரென்று பாய்ந்து பயமுறுத்தும் பேய்களைவிட இந்தக் குற்ற உணர்ச்சிதான் என்னை உலுக்குகிறது.

2020-இல் வந்த ‘ஓமோரி’ கேமும் இதே வலிதான், வண்ணமயமான கனவுலகத்துக்குள் ஒளித்து வைத்தது. விளையாடாதவர்களுக்காக மேலே சொல்லாமல் விடுகிறேன்.