கம்பி மேல் விழுந்த அரிசி

ஆங்கிலேய கிட்டார் கலைஞர் ஃபிரெட் ஃப்ரித் கிட்டாரை மடியில் கிடத்திக்கொண்டு கம்பிகள் மேல் ஒரு பிடி அரிசியைத் தூவுகிறார். இன்று மதியம் கண்ணில் பட்ட வீடியோ.

தகரக் கூரையில் மழை பெய்கிற மாதிரி சடசடவென்று ஒரு சத்தம். அப்புறம் பிரஷ், சங்கிலி... எதையும் விடவில்லை மனுஷன்.

வேடிக்கை காட்டுகிறார் என்று தோன்றினால் 1974-இல் வந்த அவருடைய 'கிட்டார் சோலோஸ்' ஆல்பத்தைக் கேளுங்கள். அதற்காகக் கழுத்தின் மேல்முனையில், கம்பிகளைத் தாங்கும் 'நட்' பட்டையின் பக்கம், இன்னொரு பிக்கப் (கம்பியின் அதிர்வைப் பிடித்து மின் சைகையாக்கும் கருவி) பொருத்தினார். விரல் அழுத்தும் இடத்துக்கு இந்தப் பக்கம் அதிர்வதைத்தான் நாம் வழக்கமாகக் கேட்கிறோம், அந்தப் பக்கம் மிச்சமிருக்கும் கம்பியும் அதிரத்தானே செய்கிறது, அதையும் ஸ்பீக்கருக்குக் கொண்டுவந்துவிட்டார்.

ஒரே கிட்டார், இரண்டு குரல்.

1968-இல் கேம்பிரிட்ஜில் 'ஹென்றி கவ்' ராக் குழுவைத் தொடங்கியவர்களில் ஒருவர். பிறகு நடனத்துக்கு இசை, சினிமாவுக்கு இசை, அமெரிக்காவில் ஓக்லாந்து நகரின் மில்ஸ் கல்லூரியில் வாத்தியார் வேலை.

இதைத் துறை மாறுவது என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. பனிக்கட்டியையும் இலையையும் வைத்துச் சிற்பம் செய்கிற ஆண்டி கோல்ட்ஸ்வொர்த்தியைப் பற்றிய 'ரிவர்ஸ் அண்ட் டைட்ஸ்' படத்துக்கு இவரைத் தவிர வேறு யாரைக் கூப்பிடுவார்கள்?

புதிதாகக் கேட்பவர்கள் அந்தப் படத்திலிருந்தே தொடங்குங்கள். 'சோலோஸ்' கொஞ்சம் படுத்தும், சொல்லிவிட்டேன்.